புதிய பங்காளிகள்

'பங்காளி' என்ற சொல்லைக் கேட்டதும் நம்மவர்களுக்கு முதலில் நினைவுக்கு வருவது பாசம் அல்ல, வழக்குத்தான். வரப்புத் தகராறு, கிணற்றுத் தகராறு, பொதுச் சுவரில் யார் ஆணி அடிக்கலாம் என்ற தகராறு ஆகிய இவை இல்லாவிட்டால் நமது ஜில்லாவில் பாதி வக்கீல்கள் வேறு தொழில் தேடிப் போயிருப்பார்கள். மகாபாரதமே ஒரு பங்காளிச் சண்டைதானே என்று சொல்லி நம் வீட்டுப் பெரியவர்கள் ஆறுதல் அடைவதும் உண்டு.

ஆனால் அந்தச் சொல்லுக்குள் மற்றொரு சங்கதியும் ஒளிந்திருக்கிறது. பங்காளி என்றால் ஒரே பாட்டனாரின் வழியில் வந்தவன். ஆகவே ஒரே ஜாதிக்காரன். ஊர்த் தெருக்காரரும் காலனிக்காரரும் ஒரே ஏரித் தண்ணீரைக் குடித்து, ஒரே வெயிலில் காய்ந்து, பத்துத் தலைமுறை அடுத்தடுத்து வாழ்ந்திருக்கலாம். சண்டை போடுவதற்குக்கூட அவர்களுக்குள் பொதுச் சொத்து என்று ஒன்று கிடையாது. பங்காளியும் ஆக முடியாது. சம்பந்தியும் ஆக முடியாது. ஒருவர் கூலி கொடுப்பவர், மற்றவர் கூலி வாங்குபவர் என்பதோடு உறவு முடிந்துவிடுகிறது.

இப்படிப்பட்டவர்களைப் பங்காளிகள் ஆக்குவதற்கு ஓர் உபாயம் உண்டு என்றும், அந்த உபாயத்தைப் பெரும்பாலும் பெண்களே கையாண்டு காட்டியிருக்கிறார்கள் என்றும் சொல்லவே இக்கட்டுரையை எழுதத் துணிந்தேன். அதற்குக் கூட்டுறவு என்று பெயர். பெயர் பழையதுதான். ஆனால் உழைக்கிற பெண்களே சொந்தக்காரர்களாகவும் இருந்து நடத்தும் கூட்டுறவில், பழைய சொல்லுக்குப் புதிய அர்த்தம் பிறந்துவிடுகிறது.

கூட்டுறவு என்பது எங்கிருந்தோ வந்து இறங்கிய சரக்கு என்று நினைப்பவர்கள் எங்கள் பக்கத்துச் சரித்திரத்தைச் சிறிது புரட்டிப் பார்க்க வேண்டும். ஜெர்மனியில் கிராமத் தலைவராக இருந்த ரைஃபைஸன் என்பவர் குடியானவர்களைக் கொண்டே கடன் சங்கங்கள் அமைத்த முறையை, சென்னை ராஜதானியில் உத்தியோகம் வகித்த பிரெடரிக் நிக்கல்சன் ஆராய்ந்து 1895-லும் 1897-லும் அறிக்கைகள் எழுதினார். அப்படி ஒரு மனிதரை இங்கேயும் கண்டுபிடியுங்கள் என்பதே அவருடைய முடிவான யோசனை. 1904-ல் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் வந்தது. அதே வருஷத்தில் திருவள்ளூரை அடுத்த திரூரில் விவசாயிகளின் கடன் சங்கம் ஏற்பட்டது. அதே வருஷத்தில் பெரிய காஞ்சிபுரத்தில் நகரக் கூட்டுறவு பாங்கி ஏற்பட்டது. திருவல்லிக்கேணியில் மாதச் சம்பளக்காரர்கள் சிலர் கூடிப் பண்டகசாலை ஆரம்பித்ததும் 1904-ல்தான். திரூரும் காஞ்சியும் அந்த நாளில் செங்கற்பட்டு ஜில்லாவைச் சேர்ந்தவை. எங்கள் சிங்கப்பெருமாள் கோவிலும் அதே ஜில்லாதான். ஆகவே இந்தியாவின் கூட்டுறவு இயக்கம் எங்கள் வீட்டுத் திண்ணையிலிருந்தே கிளம்பிற்று என்று நான் சற்றுப் பெருமை அடித்துக் கொண்டால், நேயர்கள் மன்னிப்பார்களாக.

அந்தப் பெருமையில் ஒரு குறையும் உண்டு. அந்த நாளையச் சங்கங்கள் பெரும்பாலும் நிலம் உள்ளவர்களுக்கும் சம்பளம் உள்ளவர்களுக்கும் ஏற்பட்டவை. கூடையில் கீரை விற்கிறவளுக்கு நிலமும் இல்லை, சம்பளமும் இல்லை.

சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷனில் விடியற்காலை நின்றால் இன்றைக்கும் அந்தக் காட்சியைப் பார்க்கலாம். ஒரு பக்கம் ஒரகடத்துத் தொழிற்சாலைகளுக்கும் பரனூர்ப் பக்கத்துக் கம்பெனிகளுக்கும் போகிற பெண்கள், கழுத்தில் அட்டை தொங்க, பஸ்ஸுக்குக் காத்திருப்பார்கள். மறுபக்கம் பூக்காரிகளும் பழக்காரிகளும் கூடையுடன் மின்சார ரெயிலில் ஏறுவார்கள். அட்டை உள்ளவளுக்குக் கடன் கொடுக்கப் பாங்கி உண்டு. கூடை உள்ளவளுக்கோ தண்டல்காரன்தான் உண்டு. காலையில் 90 ரூபாய் கொடுத்து மாலையில் 100 ரூபாய் வாங்கிக் கொள்ளும் அந்த மகானுபாவன் எந்தப் பத்திரமும் கேட்பதில்லை, ஜாதியும் கேட்பதில்லை. சமத்துவம் அவனிடத்திலே பூரணமாக விளங்குகிறது!

இந்தக் கூடைக்காரிகளை நினைத்து 1978-ல் சென்னையில் ஒரு ஸ்தாபனம் ஆரம்பமாயிற்று. காங்கிரஸில் ஊழியம் செய்து வந்த ஜெயா அருணாசலம் அம்மையார், வெள்ள நிவாரண வேலைக்காகக் குடிசைப் பகுதிகளுக்குப் போனபோது, அங்குள்ள பெண்கள் தங்களுக்குத் தானம் வேண்டாம், தொழில் செய்யச் சிறு முதல்தான் வேண்டும் என்று சொல்லக் கேட்டார். கட்சி வேலையை விட்டுவிட்டுச் சுமார் 800 பெண்களைக் கொண்டு உழைக்கும் பெண்கள் சங்கத்தைத் தொடங்கினார். பத்து முதல் இருபது பேர் வரை அடுத்தடுத்து வசிக்கும் பெண்கள் ஒரு குழு; அவர்களிலேயே ஒருத்தி தலைவி; ஒவ்வொருத்திக்கும் மற்றவர்கள் ஜாமீன். தேசியமயமான பாங்கிகள் ஏழைகளுக்கென்று 4 சதவீத வட்டியில் கொடுத்து வந்த கடனை முதலில் இவர்களுக்கு வாங்கிக் கொடுத்தார்கள்.

அதிலே ஒரு சங்கடம் ஏற்பட்டது. அழுக்குப் புடவையுடன் பாங்கி வாசற்படி ஏறுகிற பெண்ணை உட்காரச் சொல்ல அங்கே ஆளில்லை. இன்று வா, நாளை வா என்று அலைக்கழித்தால், அலைகிற ஒவ்வொரு நாளும் அவளுக்கு வியாபார நஷ்டம். கடைசியில் 1981-ல் தங்களுக்கென்றே ஒரு கூட்டுறவு சங்கத்தை ஏற்படுத்திக் கொண்டார்கள். பங்குப் பணம் கட்டியவள் கடன் வாங்கப் போகும்போது யாசகம் கேட்பவளாகப் போகவில்லை. தன் சொந்தப் பெட்டியைத் திறக்கச் சொல்லுகிறவளாகப் போனாள்.

சென்னைக் குடிசைப் பகுதிகள் ஜாதியாலும் மதத்தாலும் கட்சிக் கொடிகளாலும் எவ்வளவு துண்டாடப்பட்டவை என்பது எல்லோருக்கும் தெரியும். இந்தச் சங்கம் ஜாதி வித்தியாசம் பாராட்டுவதில்லை என்பதையும், வரதட்சிணையை எதிர்ப்பது, கலப்பு மணத்தை ஆதரிப்பது, எந்தக் கட்சியையும் சேராமல் இருப்பது என்பவற்றையும் கொள்கையாகவே வைத்துக் கொண்டது. ஆனால் கொள்கையை எழுதி வைப்பது சுலபம். மீன்காரியின் தவணைக்குப் பூக்காரி ஜாமீன் நிற்கும்போதுதான் கொள்கைக்கு உயிர் வருகிறது. மீன்காரி நோயில் விழுந்தால் பூக்காரி கஞ்சி எடுத்துக் கொண்டு ஓடுவாள். அன்பினால் ஓடுகிறாளா, தவணைப் பயத்தினால் ஓடுகிறாளா என்று ஆராய்ச்சி செய்ய வேண்டியதில்லை. கஞ்சி போய்ச் சேருகிறது.

இந்த விஷயத்தை நான் புஸ்தகத்தில் மட்டும் படித்திருந்தால் இவ்வளவு உறுதியாகச் சொல்லமாட்டேன். எங்கள் ஊரிலிருந்து உள்ளே தள்ளியிருக்கும் ஒரு கிராமத்தில், ஊர்ப் பெண்களின் குழு ஒன்றும் காலனிப் பெண்களின் குழு ஒன்றும் சேர்ந்து கடன் வாங்கி, மாவு மில் ஒன்று வைத்தார்கள். தீர்மானங்களை எழுதிக் கொடுக்க ஆள் வேண்டும் என்று என்னை அழைத்ததால், சில மாதம் அவர்களுடைய கூட்டங்களுக்குப் போய்வந்தேன்.

முதல் கூட்டம் பள்ளிக்கூடத் தாழ்வாரத்தில் நடந்தது. இரண்டு பாய்கள் விரித்திருந்தன. யாரும் யாருக்கும் இடம் காட்டவில்லை. ஆனால் ஒருவர்கூடப் பாய் மாறி உட்காரவில்லை. தேநீர் வந்தபோது ஊர்ப் பெண்களில் சிலர் முந்தானையிலிருந்து தங்கள் சொந்த டம்ளரை எடுத்தார்கள். காலனிப் பெண்கள் அதைப் பார்த்தும் பாராதது போல இருந்தார்கள். அந்த 'பாராமை'யில் எத்தனை வருஷப் பழக்கம் இருந்தது என்று எண்ணியபோது எனக்குத் தேநீர் இறங்கவில்லை.

மூன்றாவது மாதம் கணக்கில் 340 ரூபாய் குறைந்தது. இரு பாய்களும் ஒன்றையொன்று பார்த்துக் கொண்டன. "சொன்னேனா இல்லையா?" என்று ஒரு முணுமுணுப்பு எழுந்தது. கணக்கு வைத்திருந்தவள் காலனியைச் சேர்ந்த ஒரு பெண். எட்டாவது வரையில் படித்தவள். அவள் கோபப்படவுமில்லை, அழவுமில்லை. "எல்லாரும் கிட்ட வாங்க. ஒவ்வொரு வரியா வாசிக்கிறேன். தப்பு எங்கேன்னு நீங்களே சொல்லுங்க" என்றாள். எழுத்துத் தெரிந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள். தெரியாதவர்கள், தாங்கள் கொடுத்த பணத்தை ஞாபகப்படுத்திச் சொல்வதற்காக நெருங்கி வந்தார்கள். மில்லுக்குப் புதுப் பட்டை வாங்கிய ரசீது ஒன்று கணக்கில் ஏறாமல் ஒருத்தியின் சுருக்குப் பையிலேயே தங்கிவிட்டது என்று கண்டுபிடிக்க அரை மணி நேரம் ஆயிற்று. அப்போது நிமிர்ந்து பார்த்தேன். பாய் ஒன்று காலியாகக் கிடந்தது. ஒரு புஸ்தகத்தை இரண்டு பாயில் உட்கார்ந்து படிக்க முடியாதல்லவா?

எங்கள் ஊர் மூலவரான பாடலாத்ரி நரசிம்மருக்கு நெற்றியில் மூன்றாவது கண் உண்டு. தீபாராதனையின்போது அர்ச்சகர் அதைக் காட்டித் தரிசனம் செய்து வைப்பார். இம்மாதிரிச் சங்கங்களுக்கு விரித்து வைத்த கணக்குப் புஸ்தகம்தான் மூன்றாவது கண் என்று அன்று எனக்குத் தோன்றியது.

அந்தப் பெண்கள் உடனே ஒருவர் வீட்டில் ஒருவர் விருந்து சாப்பிட்டார்கள் என்று எழுதினால் அது கதையாகிவிடும். அப்படி ஒன்றும் நடக்கவில்லை. அந்த வருஷம் திருவிழாவில் ஊர்வலம் எந்த வழியாகப் போவது என்பது பற்றி ஆண்களுக்குள் தகராறு ஏற்பட்டு, மூன்று நாள் மில் மூடிக் கிடந்தது. நாலாம் நாள் காலையில் பெண்களே போய்த் திறந்தார்கள். காரணம் கேட்டேன். "திருவிழா வருஷத்துக்கு ஒரு தடவை, தவணை மாசாமாசம்" என்று பதில் வந்தது. மற்றொரு மாறுதலையும் கவனித்தேன். கணக்குக்காரியை முன்பெல்லாம் பெயர் சொல்லி, "ஏ" போட்டுக் கூப்பிட்டு வந்த ஊர்ப் பெண்களில் வயதில் இளையவர்கள், "கணக்கக்கா" என்று அழைக்கத் தொடங்கியிருந்தார்கள். அந்த ஓர் 'அக்கா'வுக்கு என்ன விலை என்பது அந்த ஊரில் பிறந்தவர்களுக்குத்தான் தெரியும்.

சிறு கிராமத்தில் மாவு மில்லைச் சுற்றி நடந்த இந்தக் காரியத்தை, பெரிய நகரத்திலே, அதுவும் ரத்தக் கறை படிந்த நகரத்திலே, நடத்திக் காட்டியவர்கள் ஆமதாபாத் பெண்கள். மகாத்மா காந்தி 1918-ல் மில் தொழிலாளருக்காக உண்ணாவிரதம் இருந்த ஊர் அது. அனசூயா ஸாராபாய் அம்மையார் அந்தத் தொழிலாளரின் பக்கம் நின்றார். அங்கே வளர்ந்த தொழிலாளர் சங்கத்தின் மாதர் பிரிவிலிருந்து 1972-ல் இலா பட் அம்மையார் 'ஸேவா' என்ற பெண்கள் சங்கத்தைக் கிளப்பினார். வண்டி இழுப்பவர்கள், தலைச்சுமைக்காரிகள், வீட்டிலிருந்து தைப்பவர்கள் ஆகியோரின் சங்கம் அது. தொழிற்சங்கம் என்றால் எதிரே ஒரு முதலாளி இருக்க வேண்டுமே, உங்கள் முதலாளி யார் என்று பதிவு உத்தியோகஸ்தர்கள் கேட்டார்கள். எதிர்ப்பதற்காக அல்ல, ஒன்று சேருவதற்காகத்தான் சங்கம் என்று பெண்கள் வாதாடிப் பதிவு செய்து கொண்டார்கள். 1974-ல் சுமார் 4,000 பெண்கள் தலைக்குப் பத்து ரூபாய் பங்கு போட்டுக் கூட்டுறவு பாங்கி ஒன்றும் ஆரம்பித்தார்கள். கையெழுத்துப் போடத் தெரியாதவர்கள் எப்படிப் பாங்கி நடத்துவார்கள் என்ற கேள்வி எழுந்தது. பதிவுக்கு முன்னால் இரவெல்லாம் உட்கார்ந்து, பெயர் எழுதக் கற்றுக் கொண்டார்கள் அந்தப் பெண்கள். கணக்குப் புஸ்தகத்தில் கையெழுத்துக்குப் பதில் புகைப்படம் ஒட்டும் வழக்கமும் அங்கே ஏற்பட்டது.

ஆமதாபாத்தின் தரியாபூர் முதலிய பகுதிகளில் முஸ்லிம் பெண்கள், மில்களில் கழித்துப் போட்ட துணித் துண்டுகளை இணைத்து மெத்தை உறை தைத்து வந்தார்கள். துண்டு கொடுப்பவனும் வியாபாரி. தைத்ததை எடுப்பவனும் அவனே. கூலி உயர்த்திக் கேட்டபோது அவன் வேலையையே நிறுத்தினான். சங்கத்தின் துணையுடன் பெண்கள் மில்களிலிருந்து நேரே துண்டு வாங்கித் தைத்து விற்கத் தொடங்கினார்கள். 'சபீனா' என்ற கூட்டுறவு சங்கம் அப்படி உருவாயிற்று. ஹிந்துப் பெண்களும் முஸ்லிம் பெண்களும் சேர்ந்த ஒரு பெரிய குடும்பத்தில் அதுவும் ஒன்று.

ஒற்றுமைக்கு விலை கொடுக்கவும் அவர்கள் தயங்கவில்லை. 1981-ல் மருத்துவக் கல்லூரிகளில் தாழ்த்தப்பட்ட வகுப்பினருக்கு ஒதுக்கிய இடங்களை எதிர்த்து அந்நகரில் பெருங் கலகம் மூண்டது. ஸேவா தாழ்த்தப்பட்ட மக்களின் பக்கம் நின்றது. அதன் பயனாகத் தாய்ச் சங்கத்திலிருந்தே வெளியேற்றப்பட்டது. 1985-லும் 2002-லும் மதக் கலவரங்கள் நகரத்தைப் பிளந்தன. அப்போதும் அந்தச் சங்கம் பிளந்து போகவில்லை. பாங்கியில் ஹிந்துவின் பத்து ரூபாயும் முஸ்லிமின் பத்து ரூபாயும் கலந்து கிடந்தன. எந்தக் கலகக்காரனாலும் அவற்றைத் தனித்தனியே பிரித்தெடுக்க முடியவில்லை.

மேற்கண்ட சம்பவங்களிலிருந்து நான் கண்டறிந்தது இதுதான். முதலில் மனத்தில் ஒற்றுமை வர வேண்டும், பிறகு கூட்டாகக் காரியம் செய்யலாம் என்று மேடைகளில் சொல்லி வருகிறோம். உண்மை அதற்கு நேர் விரோதம். முதலில் பொதுவாக ஒரு சொத்து வேண்டும். அதற்கு ஒரு திறந்த கணக்கு வேண்டும். மனம் மெள்ளப் பின்னால் வரும். வராவிட்டாலும் காரியம் நடக்கும்.

சொத்து என்ற சொல்லை வற்புறுத்திச் சொல்ல விரும்புகிறேன். நம் மாகாணத்தில் 1989-ல் தர்மபுரியில் தொடங்கிய சுய உதவிக் குழுக்கள் இன்று மூலை முடுக்கெல்லாம் பரவியிருக்கின்றன. பெண்களுக்கு அவை செய்த நன்மை பெரிது. ஆயினும் அடுத்த வீட்டார் சேர்ந்து குழு அமைப்பதால், தெருவுக்கு ஒரு குழு ஆகிவிடுகிறது. தெரு என்றால் நம் கிராமங்களில் ஜாதிதானே? ஆகவே பிரிவினையோடு பிரிவினையாகக் கடனும் வழங்கப்படுகிறது. இரண்டு தெருக் குழுக்கள் ஒரே மில்லுக்குச் சொந்தக்காரர்கள் ஆகும்போதுதான் கதை மாறுகிறது. அவ்வாறே கூலிக்கு வேலை செய்வதும் சொந்தமாக நடத்துவதும் ஒன்றல்ல. 2013-ல் சென்னையில் தொடங்கிய அம்மா உணவகங்களில் குழுப் பெண்கள் அருமையாகச் சமைத்துப் போட்டார்கள். ஆயினும் உணவகம் மாநகராட்சியைச் சேர்ந்தது, பெண்களுக்கு உரியது நாட்சம்பளம். நாளைக்கு எத்தனை இட்டிலி என்று தீர்மானிக்கும் உரிமை அவர்களுடையது அல்ல.

அந்த உரிமை இருந்தால் எங்கே போய்ச் சேரலாம் என்பதற்கு அப்பளமே சாட்சி. பம்பாய் கிர்காமில் 1959 மார்ச் 15-ந் தேதி ஏழு பெண்கள் 80 ரூபாய் கடன் வாங்கி மொட்டை மாடியில் அப்பளம் இட்டார்கள். முதல் நாள் தயாரானது நாலே கட்டு. முதல் வருஷ விற்பனை 6,196 ரூபாய். அதுதான் லிஜ்ஜத். சட்டப்படி அது கூட்டுறவு சங்கமாகப் பதிவானது அல்ல. ஆனால் அங்கே அப்பளம் இடும் சகோதரிகள் எல்லோரும் சம பங்குக்காரர்கள். ஜாதி, மத பேதம் இல்லை. இன்று சுமார் 45,000 பெண்கள் அதில் சேர்ந்திருக்கிறார்கள். ஆரம்பித்தவர்களில் ஒருவரான ஜஸ்வந்திபென் போபட் அம்மையாருக்கு 2021-ல் பத்மஸ்ரீ விருது கிடைத்தது.

இனி நம் வீட்டு விஷயத்துக்கு வருகிறேன். அந்தக் கிராமத்து மில்லில் அரைத்த மசாலாப் பொடியையும் அரிசி மாவையும் எங்கள் தெருவில் விற்க ஒரு நாள் இரண்டு பெண்கள் வந்தார்கள். படித்த குடும்பம், கதர் கட்டிய தாத்தாவின் படம் கூடத்தில் மாட்டியிருக்கும் குடும்பம். அந்த வீட்டு அம்மாள் பொட்டலத்தை முகர்ந்து பார்த்து, விலையும் நியாயமென்று ஒப்புக் கொண்டு, பிறகு மெதுவாக, "அரைத்தது யார்?" என்று கேட்டாள். வந்தவர்களில் ஒருத்தி ஊர்க்காரி, மற்றவள் காலனிக்காரி. ஊர்க்காரி ஒரு கணம் தயங்கினாள். "நாங்க அரைச்சது" என்று சொல்லித் தப்பியிருக்கலாம். அதில் பொய்யும் இல்லை. ஆனால் அவள், "எங்க மில்லுல, இந்த அக்கா அரைச்சாங்கம்மா" என்றாள். அம்மாள் பொட்டலத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டாள்.

அதே வீட்டில் பண்டிகைக்குப் பொரித்தது கடையில் வாங்கிய அப்பளம். அதை இட்டது எந்தக் கை என்று ஒருவரும் கேட்டதில்லை. தூரத்துக் கைக்கு ஜாதி கிடையாது போலும்! பக்கத்துக் கைக்குத்தான் உண்டு.

பெண்கள் கூட்டுறவு நடத்தத் தெரியாதவர்கள் என்று இனி யாரும் சொல்ல முடியாது. கணக்கு எழுதினார்கள், கடன் அடைத்தார்கள், கலகத்திலும் கதவைத் திறந்தார்கள். அவர்கள் செய்ய முடியாத காரியம் ஒன்றே ஒன்று பாக்கியிருக்கிறது. அது, சரக்கை நம் வாசற்படிக்குள் கொண்டு வந்து வைப்பது. அதை நாம்தான் செய்ய வேண்டும். அடுத்த முறை உங்கள் வீட்டு வாசலில் இரண்டு பெண்கள் மாவுப் பொட்டலத்துடன் வந்து நின்றால், விலையைக் கேளுங்கள், ருசியைக் கேளுங்கள், கல் இருந்தால் தாராளமாகச் சண்டை போடுங்கள். பங்காளிகளுக்குள் சண்டை சகஜம். அரைத்தது யார் என்ற அந்த ஒரு கேள்வியை மட்டும் விட்டுவிடுங்கள்.